இருபது எழுத்துகளுக்குள்

சிவப்பு. திரும்பவும் சிவப்பு. அந்த ஒரு சொல்லைச் சேர்த்தால் கணினித் திரையில் பெட்டி சிவந்துவிடுகிறது, எடுத்தால் வெளுத்துவிடுகிறது. மணி ஒன்று நாற்பது. ஐந்து மணிக்குள் கோப்பு வந்துவிட வேண்டும் என்று ஜகார்த்தாவிலிருந்து மேகா காலையிலேயே எழுதிவிட்டாள். பழைய படம்தான், பதினோரு வருஷத்துக்கு முன்னால் நீங்களே செய்த சப்டைட்டில்தான், இப்போது இணையத்தில் புதிதாக வெளியிடுகிறார்கள், ஒரு தடவை தூசி தட்டிக் கொடுங்கள் இபு டமயந்தி என்று. இபு என்றால் இங்கே அம்மா, மரியாதைக்கு. தமயந்தியை இந்த நாடு டமயந்தி ஆக்கி ஐம்பத்திரண்டு வருஷம் ஆகிறது. இப்போது யாராவது சரியாகக் கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்க்கத் தாமதமாகிறது. சரியாகக் கூப்பிடவும் ஆள் இல்லை. இந்த மேடான் ஊரில் என்னைத் தமயந்தி என்று கூப்பிட்டவர்களில் பாதிப் பேர் செத்துப்போனார்கள், ஒருவர் பாத்தாம் தீவுக்கு வேலைக்குப் போனார். என் மகன் யுகா 'அம்மா' என்கிறான், அதுவும் பாதி நாள் வெறும் 'மா'. தமிழில் ஒரு எழுத்து, இந்தோனேசிய மொழியில் எழுதினால் இரண்டு. எண்ணாதே. எதைக் கேட்டாலும் எண்ணுகிறேன்; இருபது வருஷத் தொழில் விரலுக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. திரையில் ஒரு வினாடிக்குப் பதினேழு எழுத்து, அதற்கு மேல் மனிதக் கண் படிக்காது என்று யாரோ எங்கேயோ முடிவு செய்திருக்கிறார்கள். மிஞ்சினால் பெட்டி சிவக்கும். முற்றுப்புள்ளி ஒரு எழுத்து. இரண்டு சொல்லுக்கு நடுவில் உள்ள இடைவெளியும் ஒரு எழுத்து. ஒன்றும் இல்லாத இடத்தையும் ஒன்று என்று எண்ண வேண்டும் என்று முதன்முதலில் சொன்னபோது எனக்குச் சிரிப்பு வந்தது. இப்போது வருவதில்லை. யுகா வேலைக்குப் போன பிறகு இந்த வீட்டில் அதைத்தானே எண்ணிக்கொண்டிருக்கிறேன்.

படத்தில் மழை பெய்கிறது. இங்கிலாந்துப் படம், கால்பந்தின் பெயரைச் சொல்லிக்கொண்டு மைதானத்துக்கு வெளியே அடித்துக்கொள்ளும் கூட்டங்களைப் பற்றியது. ஒன்றே முக்கால் மணி நேரத்தில் பந்து இரண்டு முறைதான் கண்ணில் படும். இப்போது நான் நிறுத்தி வைத்திருப்பது ரயில் தடத்துக்கு மேலே ஒரு நடைபாலம். அந்தக் கோடியில் எதிர்க் கூட்டம் வந்துகொண்டிருக்கிறது. இந்தக் கோடியில் நாற்பது பேர், அவர்களுக்குத் தலைவன் காலின், எப்போதோ மூக்கு உடைந்து கோணலாக ஒட்டிக்கொண்ட கிழவன். அவன் பக்கத்தில் டேனி, பத்தொன்பது வயது, முதல் சண்டை, பல் கிடுகிடுவென்று அடிக்கிறது. காலின் அவன் பக்கம் திரும்புகிறான். சத்தம் போடவில்லை. காய்ச்சலில் கிடக்கிற பிள்ளைக்கு மருந்து கொடுக்கிற மாதிரி சொல்கிறான்: யாரும் தனியாக வீட்டுக்குப் போகப் போவதில்லை. அவ்வளவுதான் அவன் சொல்வது. என்ன ஆனாலும் உன்னை விட்டுவிட்டுப் போக மாட்டோம், கூட்டிக்கொண்டுதான் போவோம் என்று அர்த்தம். அந்த முகம் திரையில் நிற்பது ஒன்று புள்ளி இரண்டு வினாடி. இருபது எழுத்துக்குத்தான் இடம். 'தாக் அடா யாங் புலாங் செண்டிரியான்.' யாரும் இல்லை என்பதற்குத் தாக் அடா யாங், வீடு திரும்புவதற்குப் புலாங், தனியாக என்பதற்குச் செண்டிரியான். மொத்தம் முப்பது. பத்து எழுத்து போக வேண்டும். செண்டிரியானை அவர்கள் எழுத்தில் எழுதினால் ஒன்பது, அதற்கு முன்னால் உள்ள இடைவெளி ஒன்று. பத்து. கச்சிதமாகப் பத்து. பதினோரு வருஷத்துக்கு முன்னால் அது எனக்குச் சந்தோஷமாகக்கூட இருந்திருக்கும். வெட்டினேன். தாக் அடா யாங் புலாங். யாரும் வீடு திரும்ப மாட்டார்கள். பெட்டி வெள்ளை. அடுத்த வரிக்குப் போய்விட்டேன்.

அந்த வரி இன்றைக்குக் காலை ஆறரை மணிக்கு என் வீட்டு வாசல் வழியாக வெளியே போனது. எட்டு மீட்டர் துணியில். மூன்று சாயங்காலம் நடு அறையில் விரித்துப் போட்டு, யுகாவும் அவன் சிநேகிதர்கள் இரண்டு பேரும் கறுப்புப் பெயின்ட்டில் எழுதினார்கள். ஒவ்வொரு எழுத்தும் என் முழங்கை நீளம். சமையலறைக்குப் போக வர நான் நைட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, புலாங்கின் கடைசி எழுத்தை மிதிக்காமல் சுவரோரமாக நடந்தேன். நல்ல பிள்ளைகள். நான் போகும்போதெல்லாம் தூரிகையைக் கீழே வைத்துவிட்டு வழி விட்டார்கள். வாழைப்பழம் பொரித்துக் கொடுத்தேன். பெயின்ட் கையோடு சாப்பிட வேண்டாம் என்று யுகா அதட்ட, அவர்களில் ஒருவன் வாயைத் திறந்து காட்டி, நீயே ஊட்டிவிடு அண்ணே என்றான். மூன்று பேரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். சிரித்துக்கொண்டே அந்த வாக்கியத்தைத் தலைகீழாகப் படித்தேன், நான் நின்ற பக்கத்திலிருந்து அது தலைகீழாகத்தான் தெரிந்தது. இது எங்கிருந்து வந்தது என்று நான் கேட்கவில்லை. அவர்களும் சொல்லவில்லை. ஊர்க் கால்பந்து அணியின் ஆட்டம் எங்கே நடந்தாலும், மைதானத்தின் வடக்குப் பக்கத்து ரசிகர் கூட்டம் இந்த வரியைக் கத்துகிறது, பாட்டாகப் பாடுகிறது, இரண்டு மூன்று பேர் புஜத்தில் பச்சை குத்திக்கொண்டிருக்கிறார்கள். என் வரி அது. என் பிழை. உலகத்தில் அதைத் தெரிந்த ஒரே ஆள் நடு அறையில் வாழைப்பழத் தட்டோடு நிற்கிறேன். அன்றைக்குச் சொல்லியிருக்கலாம். பெயின்ட் காயும் முன்னால் சொல்லியிருக்கலாம், ஒரு சொல்லைச் சேர்க்கத் துணியில் இடம்கூட இருந்தது. காலையில் அதைச் சுருட்டி இரண்டு பேர் தோளில் தூக்கிக்கொண்டு போனதைப் பார்த்தபோது வேறு எதையோ தூக்கிக்கொண்டு போகிற மாதிரி இருந்தது. அந்த நினைப்பை அங்கேயே அமுக்கிவிட்டேன். ஆட்டம் மூன்றரை மணிக்கு. துறைமுக ஊரில். மூன்று மணி நேரப் பயணம், கூட்டம் சேர்ந்து பஸ் புறப்படவே பதினொன்று ஆகிவிடும். எத்தனை மணிக்கு வருவாய் என்று கேட்டேன். எங்களுக்காகக் காத்திருக்காதீங்கம்மா, சாப்பிடுங்க என்றான். பதினொரு மணிக்குக் கூப்பிட்டேன், எடுக்கவில்லை. பன்னிரண்டரைக்கு எடுக்கவில்லை. இப்போது கூப்பிட்டால் சிநேகிதர்கள் நடுவில் கேலி செய்வார்கள். இரண்டு மணிக்குக் கூப்பிடலாம். இரண்டுக்கு இன்னும் பதினாறு நிமிஷம்.

வேறு வரி பார். வேறு எதையாவது திருத்து. இந்தப் படத்தில் ஆட்கள் ஒரே கெட்ட வார்த்தையை இருநூற்றுப் பத்து முறை சொல்கிறார்கள், கோபத்துக்கு, பாசத்துக்கு, மழைக்கு, தேநீர் ஆறிப்போனதற்கு. பதினோரு வருஷத்துக்கு முன்னால் அத்தனைக்கும் 'சியாலான்' என்று போட்டேன். நம் ஊரில் சனியனே என்கிற அளவுக்கு. இவ்வளவு மரியாதையான ரவுடிகளை இந்தோனேசியா அதற்கு முன் பார்த்ததில்லை. அதைவிடப் பெரிய கூத்து ஒன்று நடந்தது. அந்த ஆட்கள் தங்கள் கூட்டத்தை 'ஃபர்ம்' என்று சொல்லிக்கொள்வார்கள். எனக்கு அகராதியில் உள்ள ஃபர்ம்தான் தெரியும், கம்பெனி. முதல் நாற்பது வரியில் கம்பெனி என்றே போட்டேன். உங்கள் கம்பெனியை எங்கள் கம்பெனி மிதித்துவிடும். சனிக்கிழமை கம்பெனிக்கு வராதவன் ஆம்பளையே இல்லை. அனுப்பும் முன் ஒருமுறை ஓட்டிப் பார்த்தபோதுதான், இவர்கள் எந்த ஆபீசுக்கும் போவதாகத் தெரியவில்லையே என்று உறைத்தது. தனியாக உட்கார்ந்து கண்ணில் நீர் வரச் சிரித்தேன். பாத்தாமுக்குப் போனவர், யுகாவின் அப்பா, அப்போது மாதத்துக்கு ஒருமுறை வந்துகொண்டிருந்தார். வந்ததும் சொல்ல வேண்டும் என்று வைத்திருந்தேன். அந்த மாதம் வரவில்லை. அடுத்த மாதம் வந்தபோது சொன்னேன், அப்படியா என்றார். பிறகு மூன்று மாதத்துக்கு ஒருமுறை, பிறகு தீபாவளிக்கு, பிறகு தீபாவளிக்கும் இல்லை. சண்டை எதுவும் நடக்கவில்லை. இதற்கு முன்னால் எது நடந்தது, எதற்குப் பிறகு எது என்று வரிசைப்படுத்தினால், காலினின் அந்த வரியை நான் வெட்டிய வாரம்தான் அவர் முதன்முறையாக வராமல்போன வாரம். அதற்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை. சம்பந்தம் இல்லாததை ஏன் பக்கத்தில் பக்கத்தில் வைக்கிறேன். தனியாக என்கிற சொல்தான் எனக்கு வேண்டாததாக இருந்திருக்கும் என்று ஒருநாள் தோன்றியது. பொய். பத்து எழுத்து போக வேண்டியிருந்தது, அது பத்து எழுத்து. கம்பெனியைப் பிடித்த கண் இதை விட்டுவிட்டது, அவ்வளவுதான். சிரிக்க வைக்கிற பிழை தானே வந்து மாட்டிக்கொள்கிறது. அர்த்தமாக இருக்கிற பிழை மாட்டுவதில்லை.

இரண்டு மணி. எடுக்கவில்லை. இரண்டு பத்து. எடுக்கவில்லை. ஆட்டத்துக்கு முன்னால் மைதானத்தில் சத்தமாக இருக்கும். இந்தப் படம் தியேட்டருக்கு வரவே இல்லை. ஜகார்த்தாவில் ஒரு ஸ்டுடியோ டிவிடிக்காக என்னிடம் செய்து வாங்கியது, டிவிடியும் ஆயிரமோ என்னவோதான் விற்றது. பிறகு யாரோ அந்தத் தட்டிலிருந்து சப்டைட்டிலை மட்டும் உருவி இணையத்தில் போட்டான், முதல் வரியில் தன் பட்டப்பெயரோடு. அதை வேறொருவன் எடுத்துத் தன் பெயரைப் போட்டான். திருட்டு டிவிடிக் கடை, இணையக் கடை, பென் டிரைவ், கடைசியில் எல்லார் கைபேசியும். என் வரிகள் ஊர் ஊராகப் போயின, நான்தான் எங்கும் போகவில்லை. யுகாவுக்குப் பதினைந்து வயதில் பூப்பந்துக் கூடத்தில் வெள்ளைத் துணி கட்டி இந்தப் படத்தைப் போட்டார்கள், இருநூறு பிள்ளைகள். நான் குடை கொண்டுபோய்க் கொடுக்கப் போயிருந்தேன். வாசலில் நின்றேன். பாலத்துக் காட்சி வந்தது. காலின் வாயைத் திறந்தான். ஒலிபெருக்கி கரகரப்பில் அவன் குரல் எவருக்கும் கேட்கவில்லை, கீழே என் எழுத்து மட்டும் பளிச்சென்று வந்தது, இருநூறு பிள்ளைகளும் எழுந்து கத்தினார்கள். நான் எழுதிய எதையும் யாரும் அப்படிக் கத்திப் படித்ததில்லை. சொல்ல வெட்கமாக இருக்கிறது, அந்த ஒரு நொடி எனக்கு உடம்பு சிலிர்த்தது. பிறகுதான் எதைக் கத்துகிறார்கள் என்று மண்டையில் ஏறியது. அந்த இருட்டில் யுகாவைத் தேடினேன். எல்லாப் பின்தலையும் ஒரே மாதிரி இருந்தது. படத்தின் கடைசிக் காட்சியில் டேனி ரயிலில் உட்கார்ந்திருப்பான், எதிர் இருக்கை காலி, பக்கத்து இருக்கை காலி, பேச்சே கிடையாது, முழுசாக இரண்டு நிமிஷம். காலின் சொன்ன சொல் காப்பாற்றப்படவில்லை என்று காட்டுகிற காட்சி. அதற்காகத்தான் அந்தப் படத்தையே எடுத்திருக்கிறார்கள். தனியாக என்கிற சொல்லைப் பாலத்தில் கேட்டவனுக்குத்தான் ரயிலில் அது புரியும். பூப்பந்துக் கூடத்தில் அது வந்தபோது பிள்ளைகள் செருப்பைத் தேட ஆரம்பித்துவிட்டார்கள். யாரோ விளக்கைப் போட்டான். படம் முடிந்துவிட்டதென்று நினைத்துவிட்டார்கள். மேடானில் இந்தப் படத்தின் முடிவை யாரும் பார்த்ததில்லை, அதற்கு நான்தான் காரணம்.

அன்றிலிருந்து அவனிடம் சொல்ல ஆரம்பித்து நிறுத்தியது எத்தனை தடவை. சொன்னால் என்ன ஆகும். உங்களுக்கு என்னம்மா தெரியும் என்பான். அல்லது சிரிப்பான், போய்ச் சிநேகிதர்களிடம் சொல்வான், அவர்கள் அவனைப் பார்த்துச் சிரிப்பார்கள். புஜத்தில் பச்சை குத்தியவன் சிரிக்க மாட்டான். பிள்ளைக்குக் கிடைத்த ஒரு கூட்டத்தை நான் ஏன் கெடுக்க வேண்டும். வீட்டில்தான் யாரும் இல்லையே. இப்படியே ஏழு வருஷம். போன வருஷம் வேறொரு ஊரில் ஒரு பையனைச் சுவரோரம் தள்ளி அடித்துக் கொன்றேவிட்டார்கள். எதிர் அணிச் சட்டை போட்டிருந்தான் என்பதைத் தவிர வேறு காரணம் இல்லை. செய்தியில் அவன் செருப்பைக் காட்டினார்கள். அன்று ராத்திரி யுகா சாப்பிட்டுக்கொண்டே பார்த்தான், நானும் பார்த்தேன், இன்னும் கொஞ்சம் குழம்பு போடவா என்று கேட்டேன். அதைத்தான் கேட்டேன். கதவு. யாரோ தட்டுகிறார்கள்.

பக்கத்து வீட்டு இபு தியுர்மா. காலில் செருப்பில்லாமல் வந்திருந்தாள். அவள் வீட்டுக்காரர்தான் இன்றைக்குப் போன மூன்று பஸ்ஸில் ஒன்றை ஓட்டுகிறார். இப்போதுதான் போன் பண்ணினாராம். பஸ் மைதானத்துக்குப் போய்ச் சேரும் முன்பே சந்தைப் பக்கத்தில் கல் விழ ஆரம்பித்ததாம், பிள்ளைகள் கீழே குதித்து அவர்களும் எறிந்தார்களாம், போலீஸ் புகைக் குண்டு போட்டு எல்லாரையும் அள்ளி பஸ்ஸில் ஏற்றி, ஆட்டமும் கிடையாது ஒன்றும் கிடையாது என்று ஊர் எல்லைவரை கொண்டுவந்து விட்டுவிட்டார்களாம். முன் கண்ணாடி போய்விட்டது, இவர் கண்ணில் தூசி விழ விழ ஓட்டிக்கொண்டு வருகிறார். யுகா, என்றேன். அவள் என் கையைப் பிடித்தாள். இவர் பஸ்ஸில் இல்லையாம். மற்ற இரண்டில் இருப்பான், அவசரத்தில் எதில் கிடைத்ததோ அதில்தானே ஏறியிருப்பார்கள் என்றாள். மற்ற இரண்டு ஓட்டுநர்களும் போனை எடுக்கவில்லை. அவளும் இதற்கு மேல் ஒன்றும் தெரியாமல்தான் வந்திருக்கிறாள். தண்ணீர் கொடுத்தேன், குடித்தாள். மேசைமேல் காலினின் கோணல் மூக்கு அப்படியே நின்றது. இந்தக் கிழவன் யார் என்று கேட்டாள். வேலை, என்றேன். ஆறு மணிக்கு பஸ் வந்துவிடும், வராவிட்டால் போலீஸ் நிலையத்துக்குப் போவோம், நீங்கள் மட்டும் போக வேண்டாம் அக்கா என்று சொல்லிவிட்டு, வாசலில் நின்று ஒருமுறை திரும்பி, 'கித்தா பெர்கி பாரெங்' என்றாள். நாம் சேர்ந்தே போவோம். சொல்லிவிட்டு வெறுங்காலோடு வெயிலில் ஓடினாள். தரை சுட்டிருக்கும், குதித்துக் குதித்து ஓடினாள். மணி மூன்று ஐந்து.

மூன்று இருபது. எடுக்கவில்லை என்பதுகூட இல்லை இப்போது. அந்த எண் உபயோகத்தில் இல்லை என்கிறது, ஒரு பெண் குரல், மிகவும் மரியாதையாக. நான் உட்கார்ந்திருக்கிறேன். கை விசைப்பலகைமேல் இருக்கிறது. கல் விழுந்தால் தலையில்தான் விழ வேண்டும் என்று இல்லை. மூன்று பஸ், நூற்றைம்பது பேர், ஒருவன் இதில் இல்லை என்றால் அதில். மேகாவிடமிருந்து செய்தி: சிவப்பு வரி இருந்தால் இயந்திரம் கோப்பை வாங்காது, கவனம் இபு. சரி மேகா. இந்த வரியை அப்படியே விட்டுவிட்டு மற்றதை அனுப்பிவிடலாம். பதினோரு வருஷம் இருந்தது இன்னும் இருக்கட்டும். இல்லை. இன்றைக்கு இல்லை. அவன் எங்கே என்று தெரியாமல் யாரும் வீடு திரும்ப மாட்டார்கள் என்கிற வாக்கியத்துக்கு இரண்டாம் முறை நான் கையெழுத்துப் போட மாட்டேன். செண்டிரியானைச் செண்டிரி ஆக்கினால் இருபத்தெட்டு. தாக் அடா யாங் என்பதை எவ்வளவு நெருக்கினாலும் இருபத்தைந்துக்குக் கீழே வரவில்லை. சிவப்பு. தியுர்மா ஏன் வாசலில் திரும்பினாள். ஆறு மணிக்கு வந்துவிடும் என்றாள், சேர்ந்து போவோம் என்றாள். கித்தா. அவள் காமி என்று சொல்லியிருக்கலாம், நாங்கள் போய் விசாரிக்கிறோம் என்று. ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே சொல். இங்கே காமி வேறு, கித்தா வேறு. தமிழில் நாங்கள் வேறு, நாம் வேறு. இருபது வருஷமாக ஒவ்வொரு ஆங்கிலப் படத்திலும் அந்த இடத்தில் நின்று யோசித்திருக்கிறேன், சொல்கிறவன் எதிரில் இருப்பவனைச் சேர்த்துச் சொல்கிறானா, விட்டுச் சொல்கிறானா என்று. காலின் டேனியைச் சேர்த்துத்தான் சொன்னான். யாரும் இல்லை, எவரும் இல்லை என்று அவன் இல்லையில் ஆரம்பித்ததால் நானும் இல்லையையே பிடித்துத் தொங்கிக்கொண்டிருந்தேன். அவன் சொன்னது இல்லை அல்ல. கித்தா. விரல் தானாக அடித்தது. கித்தா புலாங் பாரெங். நாம் சேர்ந்து வீட்டுக்குப் போவோம். நான்கு, ஐந்து, பதினொன்று, பன்னிரண்டு, பதினெட்டு, புள்ளியோடு பத்தொன்பது. வெள்ளை. இன்னும் ஒரு எழுத்துக்கு இடம் மிச்சம். அன்றைக்கும் இடம் இருந்தது. பதினோரு வருஷமும் அந்த இடம் அங்கேயே இருந்திருக்கிறது. இதைக் கண்டுபிடித்ததில் எனக்கு ஏன் அழுகை வர வேண்டும். வந்தது. யாரும் இல்லாத வீட்டில் முகத்தை மூடிக்கொண்டு அழ வேண்டிய அவசியம் இல்லை, மூடிக்கொண்டுதான் அழுதேன்.

நான்கு முப்பத்தைந்துக்குக் கைபேசி அடித்தது. தெரியாத எண். எடுத்தேன். அந்தப் பக்கத்தில் ஏதோ வதக்குகிற சத்தம், பெண் குரல் ஒன்று, பிறகு யுகா. மா, என்றான். நல்லாத்தான் இருக்கேன், அழாதீங்க. அழவில்லை என்றேன். சொன்னான், துண்டு துண்டாக, பாதி இந்தோனேசியம், பாதி தமிழ். அந்த ஊர் சந்தையிலேயே இருக்கிறான். கைபேசி நசுங்கிவிட்டது. புகையில் எல்லாரும் பஸ்ஸுக்கு ஓடினார்கள், போலீஸ் எண்ணிப் பார்க்கவில்லை, கதவைச் சாத்தி அனுப்பிவிட்டது. இவன் பின்னால் ஓடிப் பார்த்திருக்கிறான். சட்டையைக் கழற்றி உள்பக்கம் வெளியே வர மாட்டிக்கொண்டு ஒரு சாப்பாட்டுக் கடைக்குள் நுழைந்திருக்கிறான். கடைக்கார அக்கா ஒன்றும் கேட்காமல் அடுப்பங்கரைக்குள் உட்கார வைத்து, சோறு போட்டிருக்கிறாள். அவள் தம்பிகள் எதிர் அணிக் கூட்டத்தில் இருக்கிறார்களாம், வெளியே போகாதே என்றாளாம். முழங்காலில் சிராய்ப்பு, வேறு ஒன்றும் இல்லை. நீ மட்டும் ஏன் ஓடவில்லை என்று கேட்டேன். கேட்டிருக்க வேண்டாம்.

"ஓடினேன்மா. துணியத் தூக்கிட்டு ஓட முடியல."

துணியைப் போட்டுவிட்டு ஓட வேண்டியதுதானே. எட்டு மீட்டர் பழந்துணி. என் குரல் எனக்கே பெரிதாகக் கேட்டது. அந்தப் பக்கம் கரண்டி சத்தம் நின்றது.

"எப்படிமா போடறது. நீங்க எழுதினது ஆச்சே."

எனக்கு முதலில் விளங்கவில்லை. அவன் வெட்கத்தோடு, கதவோரம் நின்று சொல்கிற மாதிரி சொன்னான். படிக்கிற காலத்தில் என் பழைய கணினியை அவனுக்குக் கொடுத்தேனே, அதில் கோப்பு இருந்திருக்கிறது. படத்தின் பெயர், தேதி, என் பெயர். அன்றைக்கே போய்ச் சிநேகிதர்களிடம் சொல்லியிருக்கிறான். முதலில் நம்பவில்லையாம், பிறகு நம்பினார்களாம். இந்த வரியைத் துணியில் எழுதலாம் என்று சொன்னதே அவன்தானாம். வாழைப்பழம் சாப்பிட்ட அந்த இரண்டு பிள்ளைகளுக்கும் தெரியும். அதனால்தான் தூரிகையைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வழி விட்டார்களா. என்னிடம் ஏன் சொல்லவில்லை என்றேன். நீங்க கேக்கலையே என்றான். ஏழு வருஷமாக நான் ஒரு பக்கம் மூடி வைத்திருந்ததை அவன் மறுபக்கம் மூடி வைத்திருந்திருக்கிறான், ஒரே சாப்பாட்டு மேசையில். இப்போது சொல்லாமல் இருந்தால் அவன் அதைத் தூக்கிக்கொண்டு இன்னொரு ஊருக்குப் போவான். சொன்னால், பெருமை என்று அவன் வைத்திருந்ததை அந்த அடுப்பங்கரையில் வைத்து நானே பிடுங்குகிறேன். மணி நான்கு நாற்பத்தெட்டு. திரையில் பத்தொன்பது எழுத்து வெள்ளையாக இருக்கிறது. அதை அனுப்பும் பொத்தானை அழுத்தினேன். போய்விட்டது.

"யுகா, அது தப்பு. நான் தப்பா எழுதிட்டேன். அந்த ஆள் சொன்னதுல ஒரு சொல்லை விட்டுட்டேன்."

"என்ன சொல்லு?"

"தனியா," என்றேன்.

அவன் மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. சின்ன வயதில் கீழே விழுந்தால், அழுவதா வேண்டாமா என்று முடிவு செய்யும் முன்னால் அப்படித்தான் உறிஞ்சுவான்.

"ஆமாம்மா," என்றான். "தனியாத்தான் இருக்கேன்."

அவன் அதைக் கேள்வியாக எடுத்துக்கொண்டுவிட்டான். நான் திருத்தவில்லை. அந்த அக்காவிடம் கடையின் பெயரைக் கேட்டுச் சொல் என்றேன், சந்தைக்கு எந்தப் பக்கம் என்று கேள் என்றேன், எழுதிக்கொண்டேன். நம் தெருமுனையில் ஐந்து மணிக்கு அந்த ஊருக்கு மினி பஸ் இருக்கிறது, நான் வந்து இறங்கும் வரை அடுப்பங்கரையை விட்டு வெளியே வராதே என்றேன். நீங்க எதுக்கும்மா, நான் காலையில வந்துடுவேன் என்றான். இல்லை, வருகிறேன் என்றேன். வேண்டாம் என்று அவன் மறுபடி சொல்லவில்லை. அந்தப் பெண் ஏதோ கேட்பதும், அவளுக்கு இந்தோனேசிய மொழியில் இவன் பதில் சொல்வதும் தூரத்தில் கேட்டது. அம்மா வர்றாங்க, என்று சொன்னான். மூன்று மணி நேரம் ஆகுமாம், என்று சொன்னான். செருப்பைப் போட்டுக்கொண்டு நான் வாசல் கதவைப் பூட்டும் வரை அவன் போனை வைக்கவில்லை.